மணல் காத்த பெயர்கள்: பாலைவன அகழாய்வுகளும் தமிழ் இலக்கியத் திறனாய்வும்

முன்னுரை

பண்டைத் தமிழரின் கடல் வாணிகம் பற்றி எழுதப்படும் கட்டுரைகளிலும் மேடைகளில் ஆற்றப்படும் உரைகளிலும் ஒரு செய்தி தவறாமல் இடம்பெற்று வருகிறது. எகிப்து நாட்டுச் செங்கடற் கரையில் தமிழ் எழுத்துப் பொறித்த பானை ஓடுகள் கிடைத்துள்ளன என்பதே அச்செய்தியாகும். செய்தி உண்மையானது. எனினும், அதனை எடுத்தாளும் முறை பெரும்பாலும் ஒரே தன்மையதாக உள்ளது. ஓடு கிடைத்தது என்னும் தொடரை அடுத்துத் தமிழர் உலகெங்கும் புகழ் பரப்பினர் என்னும் தொடர் வந்துவிடுகிறது. அவ்வோடு எவ்விடத்தில், எத்தகைய மண்ணடுக்கில், எவற்றோடு சேர்ந்து கிடைத்தது என்பதோ, அதன் காலத்தை எவ்வாறு கணித்தனர் என்பதோ அவ்விரண்டு தொடர்களுக்கும் இடையே கேட்கப்படுவதில்லை.

கோலாலம்பூரிலும் கிள்ளான் பள்ளத்தாக்கிலும் தமிழ் கற்பிக்கும் நமக்கு இது புறக்கணிக்கத்தக்க குறையன்று. 1966ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் முதல் உலகத் தமிழ் ஆராய்ச்சி மாநாடு கோலாலம்பூரிலேயே நடைபெற்றது. அதனை முன்னின்று நடத்திய தனிநாயக அடிகள் மலாயாப் பல்கலைக்கழக இந்திய ஆய்வியல் துறையின் தலைவராக விளங்கியவர். தமிழியலை உலக ஆய்வு நெறிகளோடு ஒப்பவைத்து நோக்க வேண்டும் என்பது அம்மாநாடு நமக்கு விட்டுச்சென்ற நெறியாகும். பாலைவன அகழாய்வுகள் தமிழியலுக்கு அளித்துள்ள பங்களிப்பு யாது, அதனை நாம் எடுத்தாளும் முறை அப்பங்களிப்புக்கு ஏற்றதாக உள்ளதா என்னும் இரு வினாக்களை அந்நெறியில் நின்று ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பொருள் தேடலிலிருந்து சூழல் தேடலுக்கு

பாலைவனம் பொருள்களைக் காக்கிறது என்பது பலரும் அறிந்ததே. மரம், துணி, தாள், விதை முதலியன ஈரத்தாலும் நுண்ணுயிர்களாலும் அழிகின்றன. ஈரமற்ற மணலில் இவ்வழிவு மிக மெதுவாக நடைபெறுகிறது. அதனால், பிற நிலங்களில் கல்லும் மண்பாண்டமும் உலோகமும் மட்டுமே எஞ்சும் நிலையில், பாலைவனத்தில் மக்களின் அன்றாட வாழ்வே எஞ்சி நிற்கிறது.

ஆயினும், பாலைவனத்திற்குச் சென்ற பயணிகள் அனைவரும் அவ்வாழ்வைத் தேடிச் சென்றவர்கள் அல்லர். 1818இல் பெல்சோனி செங்கடற் கரையில் பெரெனிகே துறைமுகத்தின் இடிபாடுகளைக் கண்டறிந்தார். அக்காலப் பயணங்களின் முதன்மை நோக்கம் கோயில்களையும் சிலைகளையும் காண்பதும் கொண்டுசெல்வதுமே ஆகும். 1900 முதல் 1916 வரை நடு ஆசியாவின் தக்லமக்கான் பாலைவனப் பகுதியில் மூன்று பயணங்களை மேற்கொண்ட ஆரல் ஸ்டைன், 1901இல் நியா என்னுமிடத்தில் குப்பைமேடுகளை அகழ்ந்து கரோஷ்டி எழுத்துப் பொறித்த மரப்பலகைகளை எடுத்தார். அரண்மனையைவிடக் குப்பைமேடு மிகுதியாகப் பேசும் என்பதற்கு அஃது ஒரு தொடக்கச் சான்று. ஆனால் அதே ஸ்டைன் 1907இல் துன்ஹுவாங் குகையிலிருந்து பெருந்தொகையான சுவடிகளைக் கொண்டுசென்றார். அதனைக் குறித்த மனக்குறை சீனத்தில் இன்றும் தணிந்தபாடில்லை.

இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இந்நோக்கு மாறியது. பொருளை எடுப்பதைவிட அப்பொருள் கிடந்த சூழலைப் பதிவு செய்வதே அகழாய்வின் உயிர்நாடி என்னும் கருத்து நிலைபெற்றது. ஒவ்வொரு மண்ணடுக்கும் தனித்தனியே எண்ணிட்டு அகழப்படுகிறது. அகழ்ந்த மண் சல்லடையிடப்படுகிறது. விதைகளைத் தாவரவியல் வல்லுநரும், எலும்புகளை விலங்கியல் வல்லுநரும், ஓடுகளை மட்பாண்ட வல்லுநரும் ஆராய்கின்றனர். தமிழ் எழுத்துப் பொறித்த ஓடுகள் நமக்குக் கிடைத்தமை இம்மாற்றத்தின் பயனே எனலாம். சிலை தேடிச் சென்றவரின் கண்ணுக்கு உடைந்த பானையில் உள்ள நான்கு கீறல்கள் ஒரு பொருட்டாகத் தோன்றியிரா.

பாதை கூறிய விடை

செங்கடற் கரையின் துறைமுகங்கள் தம்மளவில் நின்று வாழக்கூடியவை அல்ல. நல்ல குடிநீரும் விளைநிலமும் அங்கு இல்லை. தானியம் முதலான தேவைகள் நைல் ஆற்றங்கரையிலுள்ள கொப்தோசு நகரிலிருந்து ஒட்டகங்களின் மீது சென்றன. இந்தியாவிலிருந்து வந்த சரக்குகள் அதே பாதையில் திரும்பின. கொப்தோசிலிருந்து பெரெனிகேவிற்குப் பன்னிரண்டு நாள் வழி எனப் பிளினி குறித்துள்ளார். இப்பாதைகளில் கிணறுகளும் காவற்கோட்டைகளும் அமைந்திருந்தன. ஆதலின் துறைமுகத்தை மட்டும் அகழ்ந்தால் வரலாறு பாதியே விளங்கும். பாலைவனப் பாதை முழுவதையும் நடந்து ஆராய வேண்டியிருந்தது.

இதற்குக் குசெய்ர் அல்-காதிம் சிறந்த எடுத்துக்காட்டாகும். சிக்காகோ பல்கலைக்கழகத்தைச் சார்ந்த டொனால்டு விட்கோம், ஜேனட் ஜான்சன் ஆகியோர் 1978 முதல் 1982 வரை அங்கு அகழாய்வு நடத்தினர். அவர்கள் அதனை லியூகோசு லிமேன் என்னும் சிறிய துறைமுகமாகக் கருதினர். கணன், சாதன் என்னும் தமிழ்ப் பெயர்கள் பொறித்த ஓடுகள் இவ்வகழாய்வில் கிடைத்தவையே. பின்னர் 1990களில் பிரெஞ்சுக் குழுவினர் அத்துறைமுகத்திற்குச் செல்லும் பாலைவனச் சாலையில் மக்சிமியானோன், குரோகோதிலோ ஆகிய காவற்கோட்டைகளின் குப்பைமேடுகளை அகழ்ந்தனர். அங்குக் கிடைத்த, ஹெலேன் குவிஞி ஆராய்ந்து வெளியிட்ட கிரேக்க எழுத்து ஓடுகள் அச்சாலை மியோசு ஓர்மோசு துறைமுகத்திற்குச் சென்ற சாலை என்பதைக் காட்டின. விண்கோள் படங்களைக் கொண்டு டேவிட் பீகாக் 1993இல் வெளியிட்ட கருத்தும் அதனோடு பொருந்தியது. 1999 முதல் 2003 வரை சௌதாம்டன் பல்கலைக்கழகம் நடத்திய அகழாய்வு இம்முடிவை உறுதி செய்தது.

இச்செய்தி தமிழ் ஆய்வாளர்க்கு ஏன் இன்றியமையாதது என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். ஆண்டொன்றுக்கு நூற்றிருபது கப்பல்கள் இந்தியாவிற்குப் புறப்பட்டன என்று ஸ்திராபோ குறிப்பிடுவது மியோசு ஓர்மோசு துறைமுகத்தையே. அதுவரை ஒரு சிறு துறையின் ஓரமாகக் கிடந்த கணனும் சாதனும், இம்முடிவு வந்த பிறகு, உரோமப் பேரரசின் தலைமையான இந்திய வாணிகத் துறைகளுள் ஒன்றைச் சேர்ந்தவர்களாயினர். ஓட்டில் ஓர் எழுத்தும் மாறவில்லை. அதன் சூழல் விளங்கியதால் அதன் மதிப்பு மாறியது. அம்மாற்றத்தை உண்டாக்கியதும் தமிழ்ச் சான்றன்று. பாலைவனக் கோட்டையொன்றில் காவலர்கள் எறிந்த கிரேக்கக் குப்பையாகும். தமிழ்ச் சான்றுகளைத் தமிழ்ச் சான்றுகளாக மட்டும் தனித்தெடுத்துக் காட்டும் வழக்கம் எவ்வளவு குறையுடையது என்பதற்கு இதனினும் தெளிவான எடுத்துக்காட்டு வேண்டுவதில்லை.

ஓடுகள் தரும் பெயர்கள்

இதுகாறும் பாலைவனக் கரைகளில் கிடைத்த தமிழ்ப் பிராமிச் சான்றுகளுள் முதன்மையான சிலவற்றைத் தொகுத்துக் காண்போம். குசெய்ர் அல்-காதிமில் கிடைத்த கணன், சாதன் என்பன முறையே கண்ணன், சாத்தன் என்னும் பெயர்களின் பழைய எழுத்து வடிவங்களாகக் கொள்ளப்படுகின்றன. இரட்டித்து வரும் மெய்யை ஒற்றையாக எழுதுவது அக்கால வழக்கம். அதே இடத்துச் சௌதாம்டன் அகழாய்வில் கிடைத்த இந்தியச் சேமிப்புச் சாடியொன்றின் ஓடுகளில் ‘பானை ஒறி’ என்னும் சொற்கள் இருமுறை எழுதப்பட்டுள்ளன. ஒறி என்பது நாம் அறிந்த உறியே. மட்பாண்ட வல்லுநர் இரோபெர்ட்டா டாம்பர் அச்சாடியை இந்தியாவில் வனையப்பட்டதென இனங்கண்டார். எழுத்தினை ஐராவதம் மகாதேவன் படித்தறிந்தார். செய்தி 2007இல் வெளியாயிற்று.

ஸ்டீவன் சைட்பாதம், வில்லெக்கே வென்டிரிக் ஆகியோர் தலைமையில் 1994 முதல் 2001 வரை பெரெனிகேயில் நடந்த அகழாய்வில், கொற்றன் என்னும் பெயரோடு தொடர்புடையதாக மகாதேவன் படித்த பொறிப்பு, உரோம நாட்டு ஆம்போரா சாடியின் ஓட்டில் கிடைத்தது. அங்குள்ள செராபிசு கோயில் வளாகத்தில் இந்தியச் சாடியொன்றினுள் 7.55 கிலோகிராம் கருமிளகு இருந்தது. 2009இல் மீண்டும் தொடங்கிய அவ்வகழாய்வில் வெளிப்பட்ட புத்தர் சிலை பற்றிய அறிவிப்பு 2023 ஏப்ரலில் வந்தது. அரேபியக் கரையில், ஓமான் நாட்டின் கோர் ரோரியில் இத்தாலியக் குழுவினர் 2006இல் கண்டெடுத்த ஓட்டில் ‘ணந்தை கீரன்’ என்னும் பெயர் உள்ளது. சாம்பிராணி ஏற்றுமதிக்குப் பெயர் பெற்ற சும்குரம் என்னும் பழந்துறையே அவ்விடம். கி.பி. 1ஆம் நூற்றாண்டைச் சார்ந்ததாகக் கருதப்படும் இப்பொறிப்பு 2012இல்தான் தமிழ் அறிஞர்களின் பார்வைக்கு வந்து படிக்கப்பட்டது.

அண்மையில், எகிப்தின் அரசர் பள்ளத்தாக்கிலுள்ள பாறைக் கல்லறைச் சுவர்களிலும் தமிழ்ப் பிராமிக் கீறல்கள் இனங்காணப்பட்டுள்ளன. இங்கோ ஸ்திராவுக், சார்லட் ஷ்மிட் ஆகிய அறிஞர்கள் 2026 பிப்ரவரியில் சென்னையில் இதனை எடுத்துரைத்தனர். அவற்றுள் சிகை கொற்றன் என்பவரின் பெயர் ஒன்றுக்கு மேற்பட்ட கல்லறைகளில் காணப்படுகிறது. அக்கல்லறைகளில் உள்ள கிரேக்க, இலத்தீன் கீறல்களை 1920களிலேயே ழூல் பாயே தொகுத்துவிட்டார். தமிழ்க் கீறல்கள் தம்மைப் படிக்க வல்லவரின் வரவுக்காக மேலும் ஒரு நூற்றாண்டு காத்திருந்தன.

சான்றுகளின் எடை

இச்சான்றுகள் யாவும் ஒரே எடை உடையவை அல்ல. இதனை உணர்த்துவதே வகுப்பறையில் நாம் செய்ய வேண்டிய முதற் பணி எனலாம்.

இந்தியச் சாடி ஒன்றின்மீது எழுதிய சொல், அச்சாடி தமிழகத்தில் இருந்தபோதே எழுதப்பட்டிருக்கலாம். பானை பயணம் செய்ததை அது மெய்ப்பிக்கும். எழுதியவர் பயணம் செய்ததை மெய்ப்பிக்காது. உரோம ஆம்போராவின்மீது எழுதிய தமிழ்ப் பெயரின் நிலை வேறு. மேற்கே செய்த கலத்தில் தமிழர் ஒருவர் பெயர் எழுதப்பட்டு, அக்கலம் செங்கடற் கரையிலேயே உடைந்து கிடந்துள்ளது. அங்கேயே எழுதப்பட்டது என்று கொள்ள இது கூடுதல் இடம் தருகிறது. ஆயினும், உரோம ஆம்போராக்கள் தமிழகத் துறைகளுக்கும் சென்றவை என்பதை அரிக்கமேடு காட்டுகிறது. ஆதலின் ஐயம் முற்றும் நீங்கிவிடவில்லை.

மூன்றாவதாக, எழுத்தே இல்லாத சான்றுகள் வருகின்றன. குசெய்ரிலும் பெரெனிகேயிலும் இந்தியச் சமையற் பாண்டங்களின் ஓடுகள் கிடைத்துள்ளன. அரிசி, பாசிப்பயறு, தேங்காய் ஆகியவற்றின் எச்சங்களும் கிடைத்துள்ளன. மிளகு விலைக்கு வந்தது. கரி படிந்த சோற்றுப் பானையை விலைக்கு வாங்க உரோமாபுரியில் ஆளில்லை. இந்தியர் சிலர் அத்துறைகளில் தங்கிச் சமைத்து உண்டனர் என்னும் முடிவிற்கு எழுத்துள்ள ஓடுகளைவிட எழுத்தற்ற இவ்வோடுகளே வலுவான துணையாகின்றன. நாம் மேடைகளில் இவற்றைக் குறிப்பிடுவதே இல்லை. பெயர் பொறித்தவை பெருமை தருகின்றன. சமையற் பானை தருவதில்லை என்பதே காரணம் போலும்.

நான்காவது, கல்லறைச் சுவர். பானை கைமாறும், சுவர் கைமாறாது. சுவரில் பெயர் கீறியவர் அவ்விடத்தில் நின்றிருக்க வேண்டும். கடற்கரையிலிருந்து பாலைவனத்தைக் கடந்து நைல் பள்ளத்தாக்கிற்குச் சென்று, அங்கு வந்த கிரேக்கரையும் உரோமரையும் போலவே பழங்கல்லறைகளைப் பார்த்துத் தம் பெயரை விட்டுச்சென்ற ஒரு மனிதரை இது நமக்குக் காட்டுகிறது. பெரெனிகே ஓட்டின் கொற்றனும் கல்லறைச் சுவரின் கொற்றனும் ஒருவரே என்று கூறுவதற்கு எவ்வகை ஆதாரமும் இல்லை என்பதையும் இங்கேயே சொல்லிவைத்தல் நலம். அத்தகைய கூற்று எழுவதற்கு நெடுநாள் ஆகாது.

மிகைப்படுத்தலின் இடர்ப்பாட்டிற்கு ஒரு பழைய எடுத்துக்காட்டு உண்டு. எகிப்தின் ஒக்சிரிங்கசு குப்பைமேடுகளில் கிரென்ஃபெல், ஹன்ட் ஆகியோர் கண்டெடுத்து 1903இல் வெளியிட்ட பப்பிரசுத் தாள் ஒன்றில், இந்தியக் கரையொன்றில் நிகழும் கிரேக்க நகைச்சுவை நாடகம் உள்ளது. அதில் இந்தியப் பாத்திரங்கள் பேசும் புரியாத சொற்களைக் கன்னடம் என ஹுல்ட்சு கருதினார். பின்னர் துளு என்றனர் சிலர். வெற்றொலியே என்றனர் வேறு சிலர். ஒரு நூற்றாண்டு கடந்தும் வழக்கு முடியவில்லை. சான்று தாங்கும் அளவிற்கு மேல் அதன்மீது சுமையேற்றினால், பிறர் அதனை ஐயுறத் தொடங்கும்போது உண்மையான பகுதியும் சேர்ந்தே மதிப்பிழக்கிறது. தமிழ் ஓடுகளுக்கு அந்நிலை நேர்தல் கூடாது.

மறுதலையாக, நான்கைந்து பெயர்களால் என்ன விளங்கிவிடும் என வினவுவாரும் உளர். அவர்க்கும் விடை கூற வேண்டும். தமிழகத்தில் கிடைக்கும் தமிழ்ப் பிராமிப் பொறிப்புகளின் காலம் பற்றிய கருத்து வேறுபாடுகள் நீண்டகாலமாகத் தொடர்கின்றன. எழுத்தமைதியைக் கொண்டு மட்டும் காலம் கணிக்கும்போது நூறாண்டு முன்பின்னாதல் இயல்பு. செங்கடற் கரையில் நிலை வேறு. அங்கு உரோமக் காசுகளும், வடிவத்தால் காலம் அறியத்தக்க உரோம மட்பாண்டங்களும், பேரரசரின் ஆட்சியாண்டு குறித்த கிரேக்க ஆவணங்களும் கிடைக்கின்றன. அவற்றோடு ஒரே அடுக்கில் கிடைக்கும் தமிழ் ஓட்டின் காலத்தைத் தமிழுக்கு வெளியே நின்று உறுதி செய்ய இயலுகிறது. அந்த உறுதியைக் கொண்டு தமிழகத்துப் பொறிப்புகளின் எழுத்து வளர்ச்சியையும் சரிபார்க்கலாம். தமிழ் ஆர்வலர்க்கு உண்மையான பெருமிதம் வேண்டுமாயின் அஃது இங்குள்ளது.

பாலைத் திணையும் பாலைவனமும்

இலக்கியத் திறனாய்வுக்கு இவற்றால் விளையும் பயன் யாது என்பது அடுத்த வினா. முசிறித் துறைக்குப் பொன்னோடு வந்து மிளகோடு மீளும் யவனர் கலங்களை அகநானூற்றின் 149ஆம் பாடலில் எருக்காட்டூர்த் தாயங்கண்ணனார் பாடியுள்ளார். யவனர் கொணர்ந்த மதுவைப் புறநானூற்றின் 56ஆம் பாடலில் நக்கீரர் குறிப்பிடுகிறார். இப்பாடல்களில் வருகின்றவர் யவனர், வரவேற்பவர் தமிழர். தமிழர் அவர்களது நாட்டிற்குச் சென்ற செய்தியை இவை கூறவில்லை. வியன்னாவிலுள்ள, 1985இல் வெளியிடப்பட்ட முசிறிப் பப்பிரசும் ஹெர்மபோலோன் என்னும் கப்பலின் சரக்கையும், அச்சரக்கைப் பாலைவனத்தின் வழியே கொப்தோசிற்கும் பின்னர் அலெக்சாந்திரியாவிற்கும் கொண்டுசெல்வதற்கான உடன்படிக்கையையும் பேசுகிறது. அதுவும் மேற்கு நாட்டு வணிகரின் ஆவணமே. சென்ற தமிழரைப் பற்றி இலக்கியமும் ஆவணமும் பேசாத இடத்தில் மணல் மட்டுமே பேசுகிறது.

இதனால் இலக்கியத்தின் மதிப்புக் குறைவதில்லை. அதன் நோக்கெல்லை தெளிவாகிறது. அகத்திணை மரபில் பொருள்வயிற் பிரிவு பாலைக்குரியது. தலைவன் சுரம் கடந்து செல்கிறான். அச்சுரம் பெரும்பாலும் நிலவழியே மொழிபெயர் தேயத்தை நோக்கியது. முல்லையும் குறிஞ்சியும் வெம்மையால் திரிந்த நிலமாகவே பாலையைச் சிலப்பதிகாரம் விளக்குகிறது. அது மழை பெய்தால் மீண்டும் தளிர்க்கும் நிலம். கீழைப் பாலைவனம் அன்று. பாலைப் பாடல்களில் எகிப்தைத் தேடுவார் இருப்பின், அவர்கள் பாடலையும் இழப்பர், எகிப்தையும் காணார். பாலை பிரிவின் உரிப்பொருளைச் சொல்ல வந்த கவிமரபு. கடல்வழிப் பயணத்தை அம்மரபு தன் நடுவிடத்தில் வைக்கவில்லை. வாழ்வில் இருந்த அனைத்தையும் இலக்கியம் பாட வேண்டும் என்னும் கட்டாயம் இல்லை என்பதை ஓடுகள் நமக்கு நினைவூட்டுகின்றன.

மற்றொரு பயனும் உண்டு. சங்கப் பாடல்களின் புலவர் பெயர்கள் தொகுப்பு மரபின் வழியாகவே நம்மை அடைந்துள்ளன. அப்பெயர்கள் பிற்காலத்தார் அமைத்தவையோ என்னும் ஐயம் அவ்வப்போது எழுப்பப்படுவதுண்டு. சாத்தன், கண்ணன், கீரன், கொற்றன் ஆகியவை சீத்தலைச் சாத்தனார், கடியலூர் உருத்திரங்கண்ணனார், நக்கீரர், கொற்றங்கொற்றனார் ஆகிய பெயர்களில் பயில்வன. அதே பெயர்களைக் கி.பி. முதல் நூற்றாண்டுகளில் உண்மையான மனிதர்கள் தாங்கியிருந்தனர் என்பதைச் செங்கடற் கரையும் அரேபியக் கரையும் காட்டுகின்றன. அம்மனிதர்கள் புலவர்கள் என்பதன்று இதன் பொருள். அவர்கள் யாராலும் பாடப்பெறாத வணிகராகவோ, கலத்தில் பணிசெய்தவராகவோ இருக்கலாம். வேந்தரையும் வள்ளல்களையும் பாடிய தொகைநூல்களுக்கு வெளியே, பானையில் தம் பெயரை எழுதிக்கொள்ளும் அளவிற்கு எழுத்தறிவு பெற்ற மக்கள் வாழ்ந்தனர் என்பது இலக்கிய வரலாற்றில் இடம்பெற வேண்டிய செய்தியாகும்.

ஈர நிலத்தில் வாழும் நாம்

மேலே கண்டவற்றை மலேசியச் சூழலோடு பொருத்திப் பார்ப்பது ஆசிரியர்க்குப் பயன் தரும். எகிப்தில் மிளகே கிடைத்திருக்க, மலாயாத் தீபகற்பத்தில் அத்தகையவை அரிதாக இருப்பது ஏன் என்று மாணவர் கேட்கலாம். வாணிகம் அங்கு மிகுதி, இங்குக் குறைவு என்று விடை கூறுதல் பிழையாகும். கோலாலம்பூர் வட்டாரத்தில் ஆண்டுக்கு இரண்டாயிரம் மில்லிமீட்டருக்கு மேல் மழை பெய்கிறது. இம்மண்ணில் ஓலையும் துணியும் விதையும் நில்லா. காற்றுப் புகாத சேற்றில் மட்டுமே மரம் நிலைக்கும். 1964இல் கோலலங்காட் வட்டாரத்துச் சுங்கை லாங்கில், வெண்கல முரசுகள் இரண்டு படகுப் பலகையொன்றின்மேல் வைக்கப்பட்ட நிலையில் கிடைத்தன. கிடைத்தவற்றின் எண்ணிக்கையைக் கொண்டு வாழ்ந்தவற்றின் அளவைக் கணிக்கலாகாது என்பது பாலைவன அகழாய்வு நமக்குக் கற்பிக்கும் பாடங்களுள் ஒன்று.

கிழக்கு நோக்கிய தமிழ்ச் சான்றுகளும் இல்லாமல் இல்லை. தென் தாய்லாந்தின் குளோங் தொம் என்னுமிடத்தில் கிடைத்த பொற்கொல்லரின் உரைகல்லில் ‘பெரும்பதன் கல்’ என்று தமிழ்ப் பிராமியில் எழுதப்பட்டுள்ளது. பட்டினப்பாலை குறிக்கும் காழகம் என்பதற்கு நச்சினார்க்கினியர் கடாரம் எனப் பொருள் கூறினார். கெடா மாநிலத்துப் பூஜாங் பள்ளத்தாக்கில் 1930களின் இறுதியில் குவாரிட்ச் வேல்ஸ் அகழாய்வு நடத்தினார். 2009 முதல் மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தினர் சுங்கை பத்துவில் நடத்திய அகழாய்வுகள் இரும்பு உருக்கும் உலைகளை வெளிக்கொணர்ந்தன. இவ்விடங்களை நாம் மாணவர்க்கு அறிமுகப்படுத்தும் அளவு யாது? 2013இல் பூஜாங் பள்ளத்தாக்கின் பதினொன்றாம் எண் கோயில் அடித்தளம் நில மேம்பாட்டுப் பணியின்போது இடிக்கப்பட்டது. அது செய்தியான பின்னரே அப்படியோர் இடம் இருந்ததைப் பலர் அறிந்தனர். செங்கடலின் ஓட்டைப் போற்றும் நாம், நம் காலடியில் உள்ள கல்லை அறியாதிருத்தல் முரண் அன்றோ?

கிள்ளான் பள்ளத்தாக்கில் இவ்வினா இன்னும் நெருங்கி வருகிறது. செங்கற்சூளைகளால் பெயர் பெற்ற பிரிக்பீல்ட்சில் அச்சூளைகள் இன்று பெயரில் மட்டுமே உள்ளன. கிள்ளானைச் சூழ்ந்திருந்த இரப்பர்த் தோட்டங்கள் பல வீடமைப்புப் பகுதிகளாகிவிட்டன. இலயன் வீடுகளும் கோயில்களும் இடுகாட்டுக் கல்வெட்டுகளும் அவற்றோடு மறைந்து வருகின்றன. இவற்றைக் காப்பதற்கு இங்கு மணல் இல்லை. மழையும் இயந்திரமுமே உண்டு. பாலைவனத்தில் இயற்கை செய்த பணியை இங்கு மனிதரே செய்தாக வேண்டும்.

இதற்குப் பெரும் பொருட்செலவு வேண்டுவதில்லை. பழைய சம்பளச் சீட்டையோ, பால் வாளியையோ, கல்லறைக் கல்லையோ மாணவர் ஒருவர் கண்டால், அதனைப் படம் எடுப்பதோடு நில்லாமல், அது எங்கு இருந்தது, எவரிடம் இருந்தது, எவற்றோடு இருந்தது, எழுத்து இருப்பின் அது எதனால் எழுதப்பட்டது என்பவற்றை எழுதிவைக்கப் பழக்கலாம். பொருளை எடுத்துவந்து கண்காட்சியில் வைப்பதைவிட அதன் சூழலை எழுதிவைப்பது முதன்மையானது. பெல்சோனிக்கும் சைட்பாதமுக்கும் இடைப்பட்ட இருநூறு ஆண்டுகளில் தொல்லியல் கற்றுக்கொண்ட பாடமும் இதுவே.

முடிவுரை

பாலைவன அகழாய்வுகள் தமிழியலுக்குச் செய்த பங்களிப்பு, தமிழரின் புகழுக்கு மேலும் ஒரு நாட்டைச் சேர்த்தது அன்று. காலம் உறுதியான, சூழல் தெளிவான, எளிய மனிதர்களின் பெயர் தாங்கிய சான்றுகளை அவை அளித்துள்ளன. இலக்கியம் பேசும் இடத்தையும் பேசாத இடத்தையும் அவை நமக்குப் பிரித்துக் காட்டியுள்ளன. பல நாட்டு அறிஞர்கள் பல்லாண்டு உழைத்து மீட்ட அச்சூழலை நீக்கிவிட்டு, ஓட்டை மட்டும் எடுத்து அணிகலனாக அணிந்துகொள்வோமாயின், சிலை தேடிச் சென்ற பழைய பயணிகளின் செயலையே நாமும் செய்தவராவோம்.

வகுப்பறையில் ‘ணந்தை கீரன்’ என்று எழுதிக்காட்டும் ஆசிரியர், அதனை அடுத்து நான்கு வினாக்களையும் எழுதலாம். எங்குக் கிடைத்தது? எவற்றோடு கிடைத்தது? எவ்வகைக் கலத்தில் எழுதப்பட்டது? காலம் எவ்வாறு அறியப்பட்டது? இவ்வினாக்களைக் கேட்கப் பழகிய மாணவர் பெருமிதம் இழக்கமாட்டார். தம் பாட்டனார் பெயர் பொறித்த கல் ஒன்று கிள்ளானின் புதர் மண்டிய இடுகாட்டில் கிடப்பதைக் காணும்போதும் அதே வினாக்களைக் கேட்பார்.